ஒரு மாடி ஏறும் லிஃப்ட்

2004 மார்ச் 9: பணிமாறுதல் ஆணை பெற்றது. செலவு இல்லை.
மார்ச் 12: வேனுக்கு டீசல், போக வர: 710.
மார்ச் 13: புகைப்படங்கள் பதினொன்று கழுவியது: 132.
மார்ச் 16: மனு தட்டச்சு, நகல், முத்திரை வில்லை: 218.
மார்ச் 16: வக்கீல் கட்டணம், முதல் தவணை: 2,500.
மார்ச் 18: இடைக்காலத் தடை. இனிப்பு, அரைக் கிலோ: 60.
ஜூன் 22: வக்கீல் கட்டணம், இரண்டாம் தவணை: 2,500.
ஜூன் 22: இனிப்பு வாங்கவில்லை.

இந்த வழக்கைப் போட்டவர் நில அளவைத் துறையின் தலைமை அலுவலகத்தில் லிஃப்ட் ஓட்டியவர். ஐந்து மாடிக் கட்டிடத்துக்கு இருந்தது ஒரே லிஃப்ட். இரும்பு வலைக் கதவும் பித்தளைக் கைப்பிடியும் ஒரு மர முக்காலியும் அதன் சொத்து. கதவுக்கு மேலே 'ஆறு பேர் மட்டும்' என்று ஒரு தகடு. இருபத்திரண்டு வயதில் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து அவருக்கு அந்தத் தகடுதான் வேதம். ஒவ்வொரு முறையும் தலைகளை வாய்விட்டு எண்ணுவார். ஆறாவது ஆள் உள்ளே கால் வைத்ததும், "ஆறு பேர். போதும்" என்று கதவை இழுத்துவிடுவார். அலுவலகத்தில் அவருக்குப் பெயரே 'ஆறு பேர்' என்றாகிவிட்டது. "போய் ஆறு பேரைக் கூட்டிட்டு வா" என்று யாராவது சொன்னால் புதிதாகச் சேர்ந்தவர்கள் திகைத்து நிற்பார்கள்.

நான்காவது மாடியில் வரைபட அறை. அதன் பொறுப்பாளரை எல்லாரும் 'மேப் அக்கா' என்பார்கள். துணியில் ஒட்டிய பழைய வரைபடச் சுருள்களைத் தள்ளுவண்டியில் ஏற்றிக் கீழே கொண்டுபோவதும் மேலே கொண்டுவருவதும் அந்த அம்மாவின் வேலை. வண்டியின் எடையைப் பழைய பேப்பர் கடைத் தராசில் நிறுத்துப் பார்த்துவிட்டு, லிஃப்ட்காரர் அதற்கு மூன்று பேர் கணக்கு என்று விதித்திருந்தார்.

"வண்டியோட சேர்த்து நான் மூணா, நான் தனியா?" என்று விதி வந்த முதல் நாளே கேட்டார் மேப் அக்கா.

"நீங்க தனி. மொத்தம் நாலு."

"பாதி வண்டிதான் இன்னிக்கு."

"அப்போ ஒண்ணரை. ஆனா அரை ஆளுக்கு நான் எங்க போறது? ரெண்டுன்னு வச்சுக்கோங்க."

இந்தத் தகராறு நான்கு வருடம் நடந்தது. கடைசியில் கான்டீன் டீ மாஸ்டர்தான் பொறுக்கமாட்டாமல் வாயைத் திறந்தார். "ஒரு வண்டிக்கு எவ்வளவு நாள்தான் ரெண்டு பேரும் கணக்குப் பார்ப்பீங்க? பேசாம கல்யாணம் பண்ணிக்குங்க. ஒரே கணக்காப் போயிடும்." சொன்னவர் விளையாட்டாகத்தான் சொன்னார். கேட்ட இருவரும் சிரிக்கவில்லை. லிஃப்ட்காரருக்கு அப்போது நாற்பத்தாறு, மேப் அக்காவுக்கு நாற்பத்து மூன்று. இருவரும் இனிமேல் நமக்கு எங்கே என்று கைகழுவி விட்டிருந்த காரியம் இரண்டே மாதத்தில் நடந்து முடிந்தது.

இருபத்து நான்கு வருடம் அவர் மெஸ்ஸில் சாப்பிட்டவர். சுவரைப் பார்த்துப் போட்ட நாற்காலி ஒன்று அங்கே அவருக்கென்றே இருந்தது. கல்யாணத்துக்குப் பிறகு அரசு ஊழியர் குடியிருப்பில் இரண்டு அறை வீடு கிடைத்தது. சமையலறையில் இருவர் உட்காரத்தக்க ஒரு மேசை. மனைவி எதிரே உட்கார்ந்து, "இன்னிக்கு எத்தனை தடவை மேல போனீங்க?" என்று கேட்பார். அவர் எண்ணிக்கையைச் சொல்வார். "கீழ எத்தனை தடவை?" என்று அடுத்த கேள்வி வரும். "அதே அளவுதான். மேலயே விட்டுட்டு வர முடியுமா?" தினமும் இதே பேச்சு. தினமும் இருவருக்கும் சிரிப்பு வந்தது.

கல்யாணமாகி ஒரு வருடமும் நான்கு மாதமும் ஆனபோதுதான் அந்தச் சம்பவம். புதிய இயக்குநர் பொறுப்பேற்றுச் சில வாரங்களே ஆகியிருந்தன. மார்ச் 2ஆம் தேதி காலை, நான்காவது மாடிக் கூட்டத்துக்கு அவசரமாக வந்தார். லிஃப்டில் மேப் அக்கா, நிறைந்த வண்டி, கணக்குப் பிரிவு எழுத்தர்கள் இருவர்.

"ஆறு பேர் ஆச்சு சார்" என்றார் லிஃப்ட்காரர்.

இயக்குநர் உள்ளே எட்டிப் பார்த்தார். "மூணு பேர்தானே நிக்கறாங்க?"

"வண்டி மூணு பேர் சார்."

"வண்டி மூணு பேரா?"

"ஆமா சார். நிறுத்துப் பார்த்தது."

எழுத்தர்கள் இருவரும் கூரையைப் பார்த்தார்கள். யார் இறங்குவது என்று ஒருவரை ஒருவர் எதிர்பார்த்து ஒருவருமே இறங்கவில்லை. கதவு மூடியது. இயக்குநர் நான்கு மாடியும் ஏறிவந்து, கூட்டத்தில் முதல் பத்து நிமிடம் பேச மூச்சில்லாமல் உட்கார்ந்திருந்தாராம்.

"நான் வண்டியோட இறங்கியிருப்பேனே, ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல?" என்றார் மனைவி இரவுச் சாப்பாட்டின்போது.

"முதல்ல வந்தது நீ. உன்னை இறக்கிட்டு அவரை ஏத்தினா அந்தத் தகட்டுக்கு என்ன மரியாதை?"

"தகட்டுக்கு மரியாதை இருக்கட்டும். இப்போ உங்களுக்கு என்ன மரியாதை வரப்போகுதோ."

அது ஒரு வாரத்தில் வந்தது. நிர்வாக நலன் கருதி, லிஃப்ட் இயக்குபவர் தெற்குக் கோட்ட அலுவலகத்துக்கு மாற்றப்படுகிறார்; பத்து நாளுக்குள் அங்கே பணியேற்க வேண்டும். பணியமைப்புப் பிரிவு எழுத்தர் காலியிடப் பட்டியலைப் புரட்டியதில், துறை முழுவதிலும் லிஃப்ட் இயக்குபவர் பணியிடம் காலியாக இருந்தது அந்த ஒரு இடத்தில்தான். சாலை வழியே ஐந்து மணி நேரப் பயணம். தினமும் போய்வருவது நடக்காத காரியம். வாரம் ஒருமுறை வந்துபோகலாம். மற்ற நாட்களில் அவருக்கு மீண்டும் ஏதோ ஒரு மெஸ், மீண்டும் ஏதோ ஒரு சுவர். அன்றிரவு அவர் எத்தனை தடவை மேலே போனார் என்று மனைவி கேட்கவில்லை.

மறுநாள் வக்கீலம்மாவைப் பார்க்கப் போனார்கள். செருப்புக் கடைக்கு மேலே ஒடுக்கமான அறை. நாற்காலிகளைவிட வழக்குக் கட்டுகள் அதிகம். அரசு ஊழியர் வழக்குகளிலேயே தலை நரைத்தவர் அந்த அம்மா. ஆணையைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"உள்ளதைச் சொல்லிடறேன். பணிமாறுதல்ல கோர்ட்டு தலையிடறதே அபூர்வம். மாறுதல் உண்டுன்னு தெரிஞ்சுதானே வேலைக்குச் சேர்ந்தீங்கன்னு ஒரே வரில முடிச்சிடுவாங்க. சம்சாரம் இங்க இருக்காங்கன்னு சொன்னா, எல்லாருக்கும்தான் சம்சாரம் இருக்காங்கன்னுவாங்க. கோபத்துல மாத்தினாங்கன்னா அதை நிரூபிக்கணும்."

"அந்த ரெண்டு எழுத்தரும் பார்த்தாங்களே" என்றார் மனைவி.

"சாட்சி சொல்ல வருவாங்களா?"

"கூரையைப் பார்த்தவங்கதான். வரமாட்டாங்க" என்றார் லிஃப்ட்காரர்.

வக்கீலம்மா சிரித்துவிட்டார். பிறகு பேனாவால் ஆணையைத் தட்டி, "அந்த ஆபீஸ்ல எத்தனை மாடி?" என்று கேட்டார்.

லிஃப்ட்காரர் விழித்தார். அதை அவர் விசாரிக்கவே இல்லை.

"லிஃப்ட் ஓட்டப் போறவர் முதல்ல கேக்கவேண்டிய கேள்வி இதுதானே ஐயா? போய்ப் பார்த்துட்டு வாங்க. கேமராவோட போங்க."

மனைவியின் தம்பி பார்சல் வேன் ஓட்டுபவன். வாய் சும்மா இருக்காது. வெள்ளிக்கிழமை விடியற்காலை மாமாவை முன்னிருக்கையில் ஏற்றிக்கொண்டு கிளம்பினான். "மாமா, நீங்க வாழ்நாள்ல இவ்வளவு தூரம் நேராப் போனதே இல்லையே. மேலயும் கீழயும்தானே போவீங்க. தலை சுத்தினா சொல்லுங்க, மேட்டுல ஏத்தி இறக்கறேன்" என்று தொடங்கியவன் ஐந்து மணி நேரமும் ஓயவில்லை.

தெற்குக் கோட்ட அலுவலகம் ஒரு வேப்பமரத்துக்குப் பின்னால் இருந்தது. மரம்தான் உயரம். அலுவலகம் வெறும் தரைத்தளம்.

இருவரும் வேனைவிட்டு இறங்கி அண்ணாந்து பார்த்தார்கள். பார்ப்பதற்கு அங்கே ஒன்றுமில்லை.

"மாமா" என்றான் மைத்துனன் மெதுவாக, "லிஃப்ட்ல ஏறி இறங்கற வேலை உங்களுக்கு இங்க ரொம்ப சுலபமா இருக்கும் போலிருக்கே."

உள்ளேயிருந்து தலைமை எழுத்தர் வந்தார். வழுக்கைத் தலையும் வெற்றிலை போட்டதுபோல் எப்போதும் சிவந்த வாயுமாக, தொப்பை குலுங்கச் சிரிக்கும் மனிதர். வந்தவர் யார் என்று தெரிந்ததும் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார். "வாங்க தம்பி, வாங்க! பத்தொன்பது வருஷமா உங்களுக்காகத்தான் காத்துக்கிட்டிருக்கோம்."

கதை இதுதான். கட்டிடத்துக்கு முதலில் போட்ட திட்டத்தில் மூன்று மாடி இருந்தது. மூன்று மாடிக்கு ஒரு லிஃப்ட், லிஃப்டுக்கு ஒரு பணியிடம் என்று எல்லாம் ஒன்றாக ஒப்புதல் பெற்றன. தரைத்தளம் முடிந்ததும் பணமும் முடிந்துவிட்டது. மாடி நின்றுபோனது, பணியிடம் நிற்கவில்லை. ஆண்டுதோறும் அது தானாகப் புதுப்பிக்கப்பட்டது. ஆண்டுதோறும் தணிக்கைக்காரர்கள் வந்து, இந்தப் பணியிடம் ஏன் காலியாக இருக்கிறது என்று எழுதிக் கேட்டார்கள்.

"நீங்க என்ன பதில் எழுதுவீங்க?" என்று கேட்டார் லிஃப்ட்காரர்.

"தகுதியான ஆள் இன்னும் வந்து சேரலைன்னு" என்றார் தலைமை எழுத்தர், கொஞ்சமும் கூச்சமில்லாமல். "மாடி இல்லைன்னு எழுதினா பணியிடத்தை எடுத்துடுவாங்க. அப்புறம் மாடி வர்றப்போ பணியிடத்துக்கு யார்கிட்டப் போய் நிக்கறது? மாடி கேட்டும் வருஷா வருஷம் எழுதறேனே. வாங்க, உங்க இடத்தைக் காட்டறேன்."

நடைகூடத்தின் கோடியில் லிஃப்ட் குழி இருந்தது. சுற்றிலும் நான்கு சுவர், மேலே தகரக் கூரை. உள்ளே மூன்று மிதிவண்டிகளும் உடைந்த மேசை ஒன்றும், சாக்கின் மேல் குட்டிகளோடு ஒரு பூனையும். சுவரில் யாரோ அழகான எழுத்தில் 'லிஃப்ட்' என்று எழுதி, மேல்நோக்கி அம்புக்குறியும் போட்டிருந்தார்கள்.

மைத்துனன் பதினொரு படம் எடுத்தான். லிஃப்ட்காரர் குழியின் நீள அகலத்தைச் சாணால் அளந்து பார்த்தார். "ஆறு பேருக்குத் தாராளமாப் போதும்" என்று அவர் வாய் தன்னையறியாமல் சொன்னது.

மார்ச் 18 அன்று தீர்ப்பாயத்தில் அரசு வழக்கறிஞர் எழுந்து, அரசு ஊழியருக்கு மாறுதல் சகஜம், பணியிடம் முறையாக ஒப்புதல் பெற்றது, காலியாகவும் இருக்கிறது என்று வக்கீலம்மா சொன்னபடியே வரிக்கு வரி சொன்னார். நீதிபதி புகைப்படங்களைப் புரட்டிக்கொண்டிருந்தார். ஐந்தாவது படத்தில் நின்றார்.

"இதுல பூனை இருக்கே."

"அதுதான் லிஃப்ட் குழி ஐயா" என்றார் வக்கீலம்மா.

நீதிபதி அரசு வழக்கறிஞர் பக்கம் திரும்பினார். "லிஃப்ட் எங்கே?"

"பணியிடம் இருக்கிறது ஐயா."

"நான் லிஃப்டைக் கேட்டேன்."

அவ்வளவுதான். துறை பதில் தரும் வரை இடைக்காலத் தடை. வாசலிலேயே மைத்துனன் இனிப்பு வாங்கிவந்து வக்கீலம்மாவின் குமாஸ்தாவரை எல்லார் வாயிலும் ஊட்டாத குறையாகக் கொடுத்தான். அன்றிரவு மேசையில் மனைவி, "எத்தனை தடவை மேல போனீங்க?" என்று கேட்டார்.

இதோடு விட்டிருந்தால் இயக்குநருக்கு ஒரு காகிதச் செலவோடு போயிருக்கும். ஆணையை ரத்து செய்துவிட்டு வேறு வேலையைப் பார்த்திருக்கலாம். ஆனால் ஒரு லிஃப்ட்காரரிடம் தோற்றார் என்ற பேச்சு வருவதை அவரால் தாங்கிக்கொள்ள முடியவில்லை. தலைமை எழுத்தர் வருடா வருடம் மாடி கேட்டு எழுதியதெல்லாம் ஒரே கட்டாக அவர் மேசைக்கு வந்தது. ஜூன் 22 அன்று அரசு வழக்கறிஞர் நிமிர்ந்த தலையோடு வந்து, அந்தக் கட்டிடத்தின் மேல் ஒரு மாடி எழுப்ப நிதி ஒதுக்கியாகிவிட்டது, லிஃப்டும் பொருத்தப்படும் என்றார்.

நீதிபதி ஆணையிட்டார்: அந்த லிஃப்ட் ஒரு மாடியாவது ஏறும் வரை மனுதாரரை இப்போதைய இடத்திலிருந்து மாற்றக்கூடாது. ஏறத் தொடங்கியதும் துறை வந்து அறிக்கை தரலாம்.

வெளியே வந்ததும் மனைவி கேட்டார்: "நாம ஜெயிச்சோமா, தோத்தோமா?"

"மாடி கட்டற வரைக்கும் ஜெயிச்சிருக்கோம்" என்றார் வக்கீலம்மா.

மைத்துனன் இனிப்புக் கடைப் பக்கம் எடுத்து வைத்த காலைத் திரும்ப எடுத்துக்கொண்டான்.

அதன்பின் அந்த வீட்டின் நிம்மதி ஐந்து மணி நேரத்துக்கு அப்பாலிருந்த ஒரு கட்டுமான வேலையைப் பொறுத்ததாகிவிட்டது. அரசாங்கக் கட்டிட வேலைதானே, ஆமை வேகத்தில் நடக்கும் என்று ஆறுதல் சொல்லிக்கொண்டார்கள். வழக்கு நடப்பதால் அந்த ஒரு வேலை மட்டும் குதிரை வேகத்தில் நடந்தது. தலைமை எழுத்தர் ஞாயிற்றுக்கிழமை காலைகளில் தொலைபேசியில் கூப்பிடுவார்.

"தம்பி, தப்பா எடுத்துக்காதீங்க. தூண் எழும்பிடுச்சு."

"வாழ்த்துக்கள் அண்ணே."

"எல்லாம் உங்க புண்ணியம்தான். பத்தொன்பது வருஷம் தொண்டை கிழியக் கத்தினேன், ஒருத்தன் செவிலயும் விழலை. நீங்க ஒரு கேஸ் போட்டீங்க, ஜல்லி வந்து இறங்குது. உங்களுக்குக் கெடுதல், எங்களுக்கு நல்லது. சிரிக்கறதா அழறதான்னு தெரியலை."

"சிரிங்கண்ணே. லிஃப்ட் கம்பித் தடம் எப்போ நிறுத்தறாங்க? நூல் பிடிச்ச மாதிரி நிக்கணும். கொஞ்சம் சாஞ்சாலும் கதவு இடிக்கும். பக்கத்துல நின்னு பார்த்துக்கோங்க."

போனை வைத்ததும் மனைவி இடுப்பில் கையை வைத்துக்கொண்டு நிற்பார். "உங்க கழுத்துக்கு நீங்களே கயிறு அளந்து குடுக்கறீங்க."

"தொழில் வேற, கேஸ் வேற. கோணலா நிறுத்திட்டா நாளைக்கு ஏறுறவங்க கதி என்ன?"

"நாளைக்கு ஏறப்போறது நீங்கதான்."

"அதனாலதான் சொல்றேன்."

சிரிப்பும் பேச்சுமாக இருந்தாலும் ஜனவரியில் தளம் முடிந்து லிஃப்ட் பெட்டி வந்து இறங்கிய செய்தி கேட்டபோது, வேலையை விட்டுவிடுகிறேன் என்று அவர் சொல்லிப் பார்த்தார். "இந்த வயசுல வெளிய எவன் லிஃப்ட் ஓட்டக் கூப்பிடுவான்? எல்லாம் பட்டன் வந்தாச்சு. பென்ஷனை விட்டுட்டு வந்தா ரெண்டு பேரும் டீ மாஸ்டர்கிட்ட டம்ளர்தான் கழுவணும்" என்று மனைவி அந்தப் பேச்சை அங்கேயே அறுத்தார். ஆனால் அன்று சாப்பிட்டு முடித்தபிறகும் இருவரும் மேசையைவிட்டு வெகு நேரம் எழுந்திருக்கவில்லை.

2005 பிப்ரவரி 15. தீர்ப்பாயத்தில் அரசு வழக்கறிஞர் இம்முறை அவரே புகைப்படங்கள் கொண்டுவந்திருந்தார். புதிய மாடி, புதிய லிஃப்ட், வெள்ளையடித்த சுவர். பூனை இல்லை. நீதிபதி ஒவ்வொன்றாகப் பார்த்தார். வக்கீலம்மா கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே இருந்தார். அது நல்ல அறிகுறி அல்ல என்று இந்த ஒரு வருடத்தில் தம்பதிக்குத் தெரிந்திருந்தது.

"லிஃப்ட் மேலே போகிறதா?"

"போகிறது ஐயா. சோதித்துச் சான்றிதழும் வாங்கியாகிவிட்டது."

"நல்லது. மேலே யார் இருக்கிறார்கள்?"

அரசு வழக்கறிஞர் தாள்களைப் புரட்டினார். மறுபடியும் புரட்டினார். "தற்போதைக்கு... யாரும் இல்லை ஐயா."

"அப்படியானால் இவர் யாரை ஏற்றிக்கொண்டு போவார்?"

கூடத்தில் சிரிப்பு எழுந்து அடங்கியது. நீதிபதி சிரிக்கவில்லை. அந்த மாடியில் ஒரு பிரிவு ஊழியரோடு இயங்க வேண்டும். மார்ச் 15க்குள் அதற்கு அறிக்கை வேண்டும். இல்லையென்றால் மாறுதல் ஆணை ரத்து.

மறுநாளே இயக்குநர் அலுவலகத்திலிருந்து சுற்றறிக்கை வந்தது. தெற்குக் கோட்டத்தின் புதிய மாடியில் வரைபடக் கிளை தொடங்கப்படும். போக விருப்பமுள்ளவர்கள் எழுதித் தரலாம். விருப்பம் தெரிவித்தவர் ஒருவருமில்லை. மாறாக, இதுவரை யாருக்கும் தெரியாத வியாதிகள் அலுவலகம் முழுவதும் கிளம்பின. ஒருவருக்குத் தூசு ஆகாது; ஒருவருக்குத் தென்திசைக் காற்று ஆகாது.

லிஃப்ட்காரர் வீட்டில் உற்சாகமாக இருந்தார். "ஒருத்தரும் போகலைன்னா நாம ஜெயிச்ச மாதிரிதான். இன்னும் நாலு வாரம் பல்லைக் கடிச்சுக்கிட்டா போதும்."

மனைவி தட்டைத் தள்ளிவைத்தார். "ஜெயிச்சு? அப்புறம் இந்த ஆளு சும்மா இருப்பாரா? அடுத்த மாசம் என்னைத் தூக்கி வடக்க போடுவாரு. அதுக்கு ஒரு கேஸ். அப்புறம் உங்களுக்கு இன்னொண்ணு. வக்கீலம்மா இப்பவே செருப்புக் கடையையும் சேர்த்து வாங்கிடுவாங்க."

"வேற என்ன பண்றது?"

"மேல யார் இருக்காங்கன்னுதானே ஜட்ஜு கேட்டாரு? நான் இருக்கேன்."

அவருக்குப் புரியச் சற்று நேரம் பிடித்தது. புரிந்ததும் எழுந்து நின்றுவிட்டார். "உனக்கு ஜூலைல கண்காணிப்பாளர் பதவி வருது. இருபத்தொரு வருஷம் காத்திருந்த நாற்காலி, அது இந்த ஆபீஸ்லதான் இருக்கு. எனக்காக அதை விடவேண்டாம்."

"உங்களுக்காகன்னு யார் சொன்னா? எப்பவும் எல்லாம் உங்களைச் சுத்தித்தான் நடக்குதுன்னு நினைப்பு. இருபத்தொரு வருஷமா ஜன்னல் இல்லாத ரூம்ல டியூப்லைட்டுக்குக் கீழ மேப்பைப் பிரிச்சுக்கிட்டிருக்கேன். அங்க நாலு பக்கமும் ஜன்னலாம், உங்க அண்ணன் ஞாயித்துக்கிழமை ஞாயித்துக்கிழமை பாட்டாப் பாடறாரே. அங்க நான்தான் பொறுப்பாளர். எனக்கு மேல யாரும் கிடையாது, தளம்தான்."

"அப்போ பதவி?"

"அது போகும்" என்றார் மனைவி. தள்ளிவைத்த தட்டைத் திரும்ப இழுத்துக்கொண்டார். "போகும்தான். வலிக்கலைன்னு சொல்லமாட்டேன். உக்காருங்க, சோறு ஆறுது."

விண்ணப்பம் பிப்ரவரி 21 அன்று போனது. அதற்குப் பிறகுதான் உண்மையான திகில் தொடங்கியது. கையெழுத்துப் போடவேண்டியவர் அதே இயக்குநர். லிஃப்ட்காரரை அவர் தெற்கே அனுப்ப நினைத்ததே தண்டனையாக. அவரே மனைவியையும் கூட அனுப்பி, விருந்து வைப்பாரா? வேறு யாரையாவது கட்டாயமாக அந்த மாடிக்குப் போட்டுவிட்டால் கதை முடிந்தது. லிஃப்ட்காரர் அங்கே, மனைவி இங்கே.

மார்ச் முதல் வாரத்தில் ஒருநாள் பணியமைப்புப் பிரிவு எழுத்தர் லிஃப்டில் தனியாக ஏறினார். "ரெண்டுக்கும் மூணுக்கும் நடுவுல கொஞ்சம் நிறுத்துங்க" என்றார். அலுவலகத்தில் ரகசியம் பேச வேறு இடம் கிடையாது. லிஃப்ட்காரர் கைப்பிடியைத் திருப்பினார். பெட்டி நடுவில் நின்றது.

"உங்க சம்சாரம் ஃபைல் இன்னிக்குத்தான் உள்ள போச்சு. 'இது அந்த லிஃப்ட்காரர் சம்சாரம்தானே'ன்னாரு. ஆமா சார்னேன். 'வேற யாருமே இல்லையா'ன்னாரு. ஒருத்தரைப் போட்டுப் பார்த்தோம் சார், மாடி ஏறக்கூடாதுன்னு டாக்டர் சர்டிபிகேட் குடுத்துட்டாருன்னேன்."

"அதுக்கு?"

"'அங்கதான் லிஃப்ட் இருக்கே!'ன்னு கத்தினாரு. லிஃப்ட் ஓட்ட ஆள் இல்லையே சார்னேன்."

லிஃப்ட்காரருக்குச் சிரிப்பு வந்தது, பயத்தில் அடக்கிக்கொண்டார். "கடைசியில என்னதான் சொன்னாரு?"

"ஒண்ணும் சொல்லலை. நான்தான், 'சார், இந்த அம்மாவை அனுப்பலைன்னா மாடி காலி, கோர்ட்டுல நாம தோத்தோம். அனுப்பினா மாறுதல் ஆணை நிக்கும், நாம ஜெயிச்ச மாதிரி. அவங்க ரெண்டு பேரும் ஒண்ணா இருக்கறது ஃபைல்ல எங்கயும் வராது சார்'னு சொன்னேன். என்னை ஒரு பார்வை பார்த்தாரு பாருங்க. ஃபைலை இழுப்பறைக்குள்ள வச்சுப் பூட்டிட்டாரு."

"பூட்டிட்டாரா?"

"பூட்டிட்டாரு. சரி, மேல விடுங்க. மூணாவதுல யாரோ மணியடிக்கறாங்க."

அதன்பிறகு அந்த இழுப்பறையைப் பற்றித்தான் வீட்டில் பேச்சு. மைத்துனன் வந்து, "சாவி செய்யற ஆளை எனக்குத் தெரியும் மாமா" என்றான். அக்கா தலையில் ஒரு குட்டு வைத்தார். தலைமை எழுத்தர் ஞாயிற்றுக்கிழமை கூப்பிட்டு, தங்கச்சி மேசையைக் கிழக்கு ஜன்னலுக்குப் போடட்டுமா, மேற்குக்குப் போடட்டுமா என்று கேட்டார். "முதல்ல ஆர்டர் வரட்டும் அண்ணே" என்றார் லிஃப்ட்காரர். கொஞ்சம் யோசித்து, "கிழக்கு" என்றும் சொன்னார். அவர் மனைவி மேல்நிலை எழுத்தர்களிடம் சுருள்களை ஒப்படைப்பதற்குச் சத்தமில்லாமல் பிரித்து அடுக்கத் தொடங்கியிருந்தார். நம்பிக்கையாலா, கை சும்மா இருக்கமுடியாததாலா என்று லிஃப்ட்காரர் கேட்டதற்கு, "ரெண்டும் ஒண்ணுதான்" என்றார்.

தீர்ப்பாயத் தேதி நெருங்கியது. அரசு வழக்கறிஞர் அறிக்கைக்காக இயக்குநரைத் தினமும் தொலைபேசியில் அழைத்தாராம். மேல் மாடியில் ஓர் ஆளின் பெயரும் பணி நிலையும் எழுத வேண்டிய வரி வெற்றாகவே இருந்தது. இயக்குநரின் கார் ஓட்டுநர் டீ மாஸ்டரிடம், ஐயா இரண்டு நாளாக வண்டியில் வாயே திறக்கவில்லை என்று சொல்லிவிட்டுப் போனார். டீ மாஸ்டர் அதை நல்ல சகுனமாக எடுத்துக்கொண்டு லிஃப்ட்காரருக்குச் சர்க்கரை தூக்கலாக ஒரு டீ கொடுத்தார்.

நான்காவது மாடிக்குத் தபால் கொண்டுபோகும் கடைநிலை ஊழியர் அன்று லிஃப்டில் ஏறியபோது அவர் கையில் ஒரே ஒரு பழுப்பு உறைதான் இருந்தது. யாருக்கு என்று லிஃப்ட்காரர் கேட்கவில்லை. வழியில் இரண்டாம் மாடியில் மணியடித்த மூன்று பேரையும் ஏற்றாமல், நேராக நான்கில் கொண்டுபோய் நிறுத்தினார். வரைபட அறை வாசலில் நின்று மனைவி உறையைக் கிழிப்பதைப் பார்த்தார். விருப்பத்தின் பேரில், தெற்குக் கோட்ட வரைபடக் கிளைப் பொறுப்பாளராக, முதல் மாடிக்கு. கீழே இயக்குநரின் கையெழுத்து, தாள் கிழியும் அளவுக்கு அழுத்திப் போட்டது. மனைவி கடிதத்தைத் திருப்பி, துறை முத்திரைக்குப் பக்கத்தில் தன் வழக்கப்படி பெற்ற தேதியைக் குறித்தார்: 2005 மார்ச் 11.